தலையணையடிக் கனாக்கற்கள்

அப்பாவைச் சக்கர நாற்காலியில் உட்காரவைத்துவிட்டு மகள் கட்டிலைச் சுவரிலிருந்து இழுக்கிறாள். இடுக்கில் சேர்ந்திருந்த கனாக்கற்கள் சடசடவென்று தரையில் கொட்டுகின்றன. இரவில் காணும் கனவு விடிவதற்குள் தலையணையடியில் கல்லாக உறைந்துவிடும் ஊர் அது; அந்தக் கற்களுக்குப் பட்டை தீட்டுவதுதான் அவள் பிழைப்பு. ஆனால் பக்கவாதத்தில் விழுந்த அப்பாவுக்கு இனி சுயநினைவே திரும்பாது என்று மருத்துவர் கைவிரித்த நாளிலிருந்து, அவர் தலையணையடியில் யாரும் தடவிப் பார்த்ததில்லை. ஒரு கல்லை எடுத்து ஜன்னல் வெயிலில் பிடிக்கிறாள். தேன் நிறத்துக்குள் அவளும் அண்ணனும் இதே கட்டிலின் கால்மாட்டில் நிற்கிறார்கள். அண்ணன் வாசலைக் காட்டி ஏதோ சொல்கிறான்; அவள் தலையாட்டுகிறாள். அவரை முதியோர் இல்லத்தில் விட்டுவிடலாம் என்று பேசி முடித்த அன்று நடந்தது அப்படியே இருக்கிறது. இன்னொரு கல்லை எடுக்கிறாள். அதிலும் அதேதான். "இன்னும் என்ன பண்ற? இல்லத்து வண்டி வந்து நிக்குது," என்றபடி அண்ணன் உள்ளே வருகிறான். "அண்ணே, அப்பாவுக்குக் கேட்டிருக்கு." "எது?" "நாம பேசினது எல்லாமே." அண்ணன் தரையில் கிடக்கும் கற்களைப் பார்த்து அப்படியே நின்றுவிடுகிறான். தெருவில் வண்டி ஹாரன் அடிக்கிறது. முதுகுக்குப் பின்னால் அப்பா மூச்சு விடுவது சீராகக் கேட்கிறது. அந்தப் பக்கம் திரும்ப இருவருக்குமே தைரியம் வரவில்லை.