ஆடு, கோழி, கடைவாய்ப் பல்

"தலை மொத்தம் இருபது. கால் ஐம்பத்தாறு. ஆடு எத்தனை, கோழி எத்தனை? சீக்கிரம் சொல்லுங்க!"

கண் கூசும் விளக்கு நேரே முகத்தில் அடித்தது. முகமூடி போட்ட பெண் ஒருத்தி தலைமாட்டில் நின்றாள். மல்லாந்து கிடந்தவர் ஆடு திருடிய கள்ளன் மாதிரி முழித்தார்.

பாவம், அவர் ஆட்டையும் திருடவில்லை, கோழியையும் திருடவில்லை. அவர் ஒரு கணக்கு வாத்தியார். சொத்தைப் பல்லைப் பிடுங்கிக்கொள்ள வந்து, பல் டாக்டரம்மாவின் நாற்காலியில் படுத்திருந்தார்.

வகுப்பில் புலி, குறடைக் கண்டால் எலி. இதற்கு முன் இரண்டு தடவை இதே வாசல்வரை வந்துவிட்டு, விட்டால் போதும் என்று ஓடியவர். அதனால் இன்று அவர் மனைவி வெளிக்கதவை அடைத்தபடி நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"சார் என்ன வேலை பார்க்கிறார்?" என்று டாக்டரம்மா எட்டிப் பார்த்துக் கேட்டாள். "கணக்கு வாத்தியாருங்க" என்று மனைவிதான் பதில் சொன்னாள். உடனே, காத்திருந்த அத்தனை பேரையும் தாண்டி இவரை உள்ளே கூப்பிட்டுவிட்டார்கள். வீங்கிய கன்னத்தைப் பார்த்து மனம் இளகியிருப்பார்கள் என்று அவர் நினைத்துக்கொண்டார்.

ஊசி போட்டதும் பாதி முகம் மரத்துப் போனது. வாத்தியார் டாக்டரம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"டாக்டர், பிடுங்குறப்போ மட்டும் சொல்லிடாதீங்க. சொன்னா என் உயிரே போயிடும்."

"சரி சார், சொல்லல. கண்ணை மூடிக்கங்க" என்றவள், அதற்கப்புறம்தான் இந்த ஆட்டையும் கோழியையும் அவிழ்த்துவிட்டாள்.

வாத்தியாருக்குச் சட்டென்று விளங்கியது. ஓகோ, பேச்சுக் கொடுத்துக்கொண்டே பல்லைப் பிடுங்கப் போகிறாள்! கெட்டிக்காரி! முழித்த கண்ணை மறுபடி மூடிக்கொண்டார்.

"ஆடு எக்ஸ், கோழி ஒய்னு வெச்சுக்குவோம்..." என்று குழறிக்கொண்டே ஆரம்பித்தார்.

"எக்ஸ், ஒய் எல்லாம் வேண்டாம் சார். சின்னப் பிள்ளைக்குச் சொல்ற மாதிரி சொல்லுங்க."

"அப்போ இருபதும் கோழின்னே வெச்சுக்கங்க. கால் நாற்பதுதான் வரும். மிச்சம் பதினாறு காலு. ஒரு ஆட்டுக்கு ரெண்டு காலு கூட. அப்போ எட்டு ஆடு, பன்னிரண்டு கோழி!"

காதருகே கரகரவென்று ஏதோ சுரண்டும் சத்தம் கேட்டது. பல்லைத்தான் சுரண்டுகிறாள் என்று வாத்தியார் கண்ணை இன்னும் இறுக்கிக்கொண்டார். துளி வலி இல்லை!

"அப்பா வயசும் மகன் வயசும் சேர்த்து நாற்பத்தெட்டு. அப்பாவுக்கு மகனைப் போல மூணு மடங்கு வயசு."

"மகன் ஒரு பங்கு, அப்பா மூணு பங்கு. மொத்தம் நாலு பங்கு. மகனுக்குப் பன்னிரண்டு, அப்பாவுக்கு முப்பத்தாறு. இதெல்லாம் எனக்குத் தண்ணி பட்ட பாடு டாக்டர்!"

மறுபடியும் கரகர. மறுபடியும் வலியே இல்லை.

"ரெண்டு சக்கர வண்டியும் மூணு சக்கர வண்டியும் சேர்த்துப் பத்து. சக்கரம் இருபத்துநாலு."

"எல்லாமே ரெண்டு சக்கரம்னா இருபது. மிச்சம் நாலு. அப்போ மூணு சக்கரம் நாலு, ரெண்டு சக்கரம் ஆறு. அடுத்ததைக் கேளுங்க!"

பயம் போன இடம் தெரியவில்லை. நாக்கால் மெல்லத் துழாவிப் பார்த்தார். பல் இருக்கும் இடமே தெரியவில்லை. ஒழிந்தது சனியன்! வாத்தியாருக்குச் சந்தோஷத்தில் கண்ணே கலங்கிவிட்டது.

"டாக்டர், உங்க கைக்குத் தங்கக் காப்பு போடணும்! பிடுங்கினதே தெரியல. அந்தப் பல்லைக் கொஞ்சம் குடுங்க. என்னைப் பயந்தாங்கொள்ளின்னு சொல்றாளே என் வீட்டுக்காரி, அவகிட்ட காட்டணும்!"

கரகர சத்தம் நின்றது. டாக்டரம்மா முகமூடியை இறக்கிவிட்டுச் சிரித்தாள்.

"பல்லை நான் இன்னும் தொடவே இல்ல சார். என் பையனோட வீட்டுப்பாடத்துல இன்னும் ரெண்டு கணக்கு பாக்கி இருக்கு!"