கதவு அடுத்த கிழமை

டொக், டொக், டொக்.

தங்கரத்தினம் கதிரையை விட்டு எழும்பவில்லை. இரண்டு கைப்பிடிகளையும் இறுக்கிப் பிடித்தபடி, கொக்கி போட்டிருந்த கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பதினேழு வருஷத்துக்கு முன்னும் இதே லிங்கநகர் வீட்டில் இப்படித்தான் தட்டினார்கள். அவள்தான் திறந்துவிட்டாள். விசாரித்துவிட்டு விடுகிறோம் என்று மகன் திலக்சனைக் கூட்டிப் போனவர்கள் யாரென்று இன்றுவரை தெரியாது. அதற்குப் பிறகு யார் தட்டினாலும் குசினிக்குள் ஓடி அடுப்புக்குப் பின்னால் ஒளிந்துகொள்வாள். மீன்காரனும் தபால்காரனும் தட்டிக் களைத்துத் திரும்பிப் போவார்கள்.

"என்ர பிள்ளை வந்து தட்டினாலும் நான் குசினிக்குள்ளதானே மிஸ் ஒளிச்சிருப்பன்," என்று மனநலக் கிளினிக்கில் ஆலோசகர் அனுஷியாவிடம் அழுதாள். "எனக்கு இந்தப் பயம் போக வேணும்."

அனுஷியா சொன்ன வைத்தியம் அந்தத் தட்டலேதான். கிளினிக் தொண்டர் சசிகரன் தினமும் பின்னேரம் நாலு மணிக்கு வந்து தட்டுவான். இந்தக் கிழமை தொடக்கம் "அம்மா" என்று கூப்பிடவும் தொடங்கியிருந்தான். தங்கரத்தினம் ஓடாமல் இருந்து, பத்துக்கு எத்தனை பயம் என்று கொப்பியில் எழுத வேண்டும். அவன் வேறொன்றும் பேசாமல் போய்விட்டு, பிறகு கைபேசியில் அந்த எண்ணைக் கேட்பான்.

"யன்னலால எட்டிப் பாக்கக் கூடாது," என்று அனுஷியா சொல்லியிருந்தாள். "கதவு திறக்கிறது அடுத்த கிழமை. அவசரப்படாதேங்கோ அம்மா."

பத்தில் தொடங்கி, ஆறு கிழமையாக மாரடித்து, நேற்றுத்தான் மூன்றுக்கு வந்திருந்தாள். அவளுக்கு அலுத்துப்போயிருந்தது.

"அம்மா."

குரல் அடைத்துக் கிடந்தது. மழைக்குள் மோட்டார் சைக்கிளில் ஓடித் திரிந்து தம்பிக்குத் தடிமன் பிடித்துவிட்டது, பாவம் என்று நினைத்தாள்.

மறுபடியும் தட்டல். "அம்மா."

நெஞ்சு இடிக்கவில்லை. கைகள் தாமாகவே கைப்பிடிகளை விட்டன. எழும்பிப் போய்த் திறந்துவிடலாம் போலக்கூட இருந்தது. அடுத்த கிழமைதானே என்று அடக்கிக்கொண்டாள்.

கொஞ்ச நேரம் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு வாசல் படலை சாத்தப்படும் சத்தம். தங்கரத்தினம் கொப்பியை எடுத்துப் பூச்சியம் என்று எழுதினாள். எழுதியதைத் திரும்பப் பார்த்தபோது அவளுக்கே அழுகை வந்தது.

கைபேசி அடித்தது. சசிகரன்தான்.

"தம்பி, இண்டைக்குப் பூச்சியம்," என்றாள். "ஒரு சொட்டும் பயமில்லை. நீங்கள் வீட்ட போய்க் கொத்தமல்லி அவிச்சுக் குடியுங்கோ. தொண்டை நல்லா அடைச்சுக் கிடக்கு."

"எனக்குத் தடிமன் இல்லையே அம்மா. டயர் காத்துப் போய் உப்புவெளியில நிக்கிறன். அதைச் சொல்லத்தான் எடுத்தனான்."

"அப்ப, இப்ப வந்து தட்டினது?"

"நான் இன்னும் வரவே இல்லை, அம்மா."