மூன்றுதரம் கேட்பவர்

"நீங்கள் கடை எங்கை வைச்சிருந்தனீங்கள்?" என்று மூன்றாவது தடவையாகவும் கேட்டார் சரவணமுத்து. மாப்பிள்ளையின் தகப்பன். தோளில் சால்வை, நெற்றி நிறைய விபூதி, எதிரில் இருப்பவரை எடை போடுகிற மாதிரி ஒரு பார்வை.

"பதுளையிலை," என்றார் பெண்ணின் தகப்பன் ஏரம்பு, அப்போதுதான் முதல்தரம் கேட்டதுபோல முகம் மலர்ந்து. "சந்தைக்கு முன்னாலை. சுருட்டும் பலசரக்கும்."

குசினி வாசலில் நின்ற அவரது பெண்சாதி சறோஜினிதேவிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இந்த ஆளைப் பற்றித் தரகர் அப்புத்துரை முதலே எச்சரித்திருந்தார். "கம்பளையிலை யாவாரம் செய்தவர், அக்கா. ஒண்டையே மூண்டுதரம் கேட்டுத்தான் பொய்யைப் பிடிப்பார்." காரைநகரிலிருந்து வள்ளமேறி வந்திருப்பது பெண் பார்க்கவா? பெண் ஒரு சாட்டு. குற்றம் குறை துருவத்தான் வந்திருக்கிறார்கள்.

துருவினால் அகப்படுவதற்கு நாரந்தனையில் இருந்த அந்த வீட்டில் ஒன்று இருந்தது. ஏரம்புவின் மறதி. பழசு நிற்கும், புதுசு ஒட்டாது என்று யாழ்ப்பாணத்து டொக்டர் சொல்லிக் கையை விரித்துவிட்டார். முப்பது வருடத்துக்கு முந்திய செத்தல் மிளகாயின் விலை அவருக்குத் தெரியும். காலையில் சாப்பிட்டாரா என்பது தெரியாது.

இது வெளியே போனால் தகப்பனுக்கு விசர், நாளைக்குப் பிள்ளைக்கும் வரும் என்று ஊரே தீர்ப்புச் சொல்லிவிடும். ஏற்கெனவே இரண்டு சம்பந்தம் தட்டிப்போய், முப்பதைத் தொட்டு நிற்கிறாள் மகள் தவமலர். இதுவும் போனால் இனி ஒருத்தரும் படலை திறக்கமாட்டார்கள்.

ஆகவே சறோஜினிதேவி ஊருக்கு வேறு கதை கட்டியிருந்தாள். அவர் தலைக்கனம் பிடித்தவர், சொந்தக்காரரைக் கண்டாலும் முகம் கொடுக்கமாட்டார் என்று. மறதிக்காரனின் பெண்சாதியாக இருப்பதைவிடத் திமிர் பிடித்தவனின் பெண்சாதியாக இருப்பது அவளுக்குச் சுலபமாயிருந்தது. தனியே இருக்கும்போது, இன்றைக்கு என்ன கிழமை என்று அவரை வேண்டுமென்றே கேட்பாள். அவர் தடுமாறுவதைப் பார்த்து உதட்டைச் சுழிப்பாள். அழுவதைவிட அதுவும் சுலபம்தான்.

விடிந்ததிலிருந்து அவருக்குப் பாடம் நடந்தது. என்ன கேட்டாலும் ஓம் என்று மட்டும் சொல்லவேண்டும், மிச்சத்தை அவள் பார்த்துக்கொள்வாள். அப்படியே, தோட்டம் எவ்வளவு, மகள் எதுவரை படித்தவள் என்ற கேள்விகளுக்கெல்லாம் அவளே முந்திக்கொண்டு பதில் சொன்னாள்.

மாப்பிள்ளையின் தாய் செல்லாச்சியும் லேசுப்பட்டவளாகத் தெரியவில்லை. மகனுக்குச் சுவிசில் என்ன வேலை என்று சறோஜினிதேவி சரவணமுத்துவைக் கேட்டாள். அவர் வாயைத் திறக்குமுன் செல்லாச்சி சொல்லிவிட்டாள். எந்த ஊரில் இருக்கிறார் என்று கேட்டதற்கும் அவள்தான். கட்டின மனுசனை ஒரு சொல்லுச் சொல்லவிடாமல் அடக்கி வைத்திருக்கிறாளே, இவளும் ஒரு பொம்பிளையா என்று சறோஜினிதேவி மனதுக்குள் இளக்காரமாகச் சிரித்தாள்.

கதிரைகளில் இருந்த இரண்டு ஆண்களுமோ பழைய சுருட்டு வியாபாரத்துக்குள் இறங்கிவிட்டிருந்தார்கள். எந்த ரயிலில் சுருட்டுச் சிப்பம் வரும், எந்த முதலாளி நிறுவையில் ஏய்ப்பான் என்று ஆளை ஆள் முந்திக்கொண்டு கதைத்தார்கள். தூண்டிலில் இரை கோக்கிறார் கிழவர், இந்த மனுசனும் வாயைப் பிளந்துகொண்டு போகிறாரே என்று அவள் பல்லைக் கடித்தாள்.

அப்போது தவமலர் தேத்தண்ணித் தட்டத்துடன் வந்தாள். ஏரம்பு அவளை நிமிர்ந்து பார்த்தார். பிறகு சரவணமுத்துவின் பக்கம் பிரியமாகச் சாய்ந்தார்.

"ஆரின்ரை பிள்ளை இது? நல்ல வடிவு."

தட்டத்தில் கோப்பைகள் ஒன்றோடொன்று முட்டின.

சரவணமுத்து பெண்ணை ஆற அமரப் பார்த்தார். "அதைத்தான் நானும் யோசிச்சுக்கொண்டிருக்கிறன்," என்றார்.

என்ன குத்தல்! பொய்யைப் பிடித்தாயிற்று, இனி அதைச் சிரிக்காமல் சொல்லிக் காட்டுவதில்தானே யாவாரக்காரனின் கெட்டித்தனம். தவமலர் தட்டத்தை வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போனாள். அதைக் கண்டதும் சறோஜினிதேவியின் ஆத்திரம் முழுவதும் ஏரம்புவின் மேல் திரும்பியது. ஒரு பின்னேரம், ஒரேயொரு பின்னேரம் வாயை மூடிக்கொண்டிருக்க ஏலாத மனுசன்.

செல்லாச்சி எழுந்தாள். கை கழுவவேண்டும் என்று சொல்லிக்கொண்டு குசினிக்குள் வந்து கதவைச் சாத்தினாள்.

சறோஜினிதேவி அவசரமாகப் பொய்களைத் தேடினாள். பகிடிக்குச் சொன்னவர். கண்பார்வை மட்டு. இரவு நித்திரை இல்லை. ஒவ்வொன்றும் அவளுக்கே கேவலமாகப் பட்டது.

வெளியே சரவணமுத்துவின் குரல் கேட்டது. "அதுசரி, நீங்கள் கடை எங்கை வைச்சிருந்தனீங்கள்?"

"பதுளையிலை," என்றார் ஏரம்பு சந்தோஷமாக.

கிழவர் இன்னும் விடுகிறாரில்லை. சறோஜினிதேவி நாடியை நிமிர்த்திக்கொண்டு சண்டைக்கு ஆயத்தமானாள்.

செல்லாச்சி கை கழுவவில்லை. சேலைத் தலைப்பால் முகத்தை அழுத்தித் துடைத்துவிட்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"எங்கடை அவருக்குக் கடை எரிஞ்ச கையோடை இது துடங்கினது. உங்கடை அவருக்கு?"