நல்ல கேஸ்

அவன் சொல்வதற்கு முன்பே அவள் முன்னால் குனிந்தாள்.

மூச்சை முழுக்க விட்டுவிட்டு அப்படியே நிறுத்தினாள். அப்போதுதான் நெஞ்சுக்குள் அந்தச் சத்தம் நன்றாகக் கேட்கும். காலையிலிருந்து இவன் மூன்றாவது ஆள். அவளுக்கு எல்லாம் பழகிவிட்டது.

அவன் ஸ்டெதஸ்கோப்பை அவள் நெஞ்சில் வைத்துக் கேட்டான். இவனும் டாக்டர்தான். மேல்படிப்புப் பரீட்சைக்கு வந்திருக்கிறான். பரீட்சைக்குக் கேள்வி வேண்டுமே. அது அவள்.

இனி மூச்சு விடலாம் என்று சொல்ல மறந்துவிட்டான். அவளாகவே விட்டாள்.

கட்டிலில் தொங்கிய கேஸ் ஷீட்டை நேற்றே எடுத்து ஒளித்துவிட்டார்கள். அவன் வாசலைப் பார்த்துக்கொண்டே, உங்களுக்கு என்ன வியாதி என்று சொன்னார்கள் என்று கிசுகிசுத்தான். முன்னால் வந்த இரண்டு பேரும் கேட்டதுதான்.

பாவமாக இருந்தது. தெரிந்ததைச் சொன்னாள்.

சந்தையில் மீன் வெட்டும்போது விரலில் முள் குத்தியது. அந்த வழியாக ஒரு கிருமி உள்ளே போய் இதய வால்வில் உட்கார்ந்துகொண்டது. அபூர்வமான கிருமியாம். இந்த ஆஸ்பத்திரியில் இதற்கு முன் யாரும் பார்த்ததில்லையாம்.

சொல்லும்போது கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இருக்காதா? பெரிய டாக்டர்கள் வெளியூரிலிருந்து உன்னைப் பார்க்க வருகிறார்கள் என்றுதானே சொல்லியிருந்தார்கள். துவைத்த சேலை கட்டி, தலை வாரி உட்கார்ந்திருந்தாள்.

வாரிய தலை லேசாக ஆடிக்கொண்டே இருந்தது. இதயம் அடிக்கும் ஒவ்வொரு முறையும் ஓர் ஆட்டம். வால்வு ஒழுகினால் அப்படித்தானாம். முதல் ஆள் அதைக் கவனிக்கவில்லை. ஐந்து மார்க் போயிற்று.

மணி அடித்தது.

இரண்டு பேர் வந்தார்கள். ஒருவர் வெளியூர்த் தேர்வாளர். இன்னொருவர் இந்த வார்டின் பேராசிரியர்.

எல்லாம் ஆங்கிலத்தில்தான். ஆனால் ஒரே நாடகத்தை மூன்று முறை பார்த்தால் யாருக்கும் புரிந்துவிடும்.

என்ன மருந்து என்பது முதல் கேள்வி.

முதல் ஆள், வழக்கமாக ஏற்றுகிற விலை கூடிய மருந்தைச் சொல்லியிருந்தான். வெளியூர்க்காரர் சிரித்துவிட்டார். இந்தக் கிருமிக்கு அதுவும் ஒன்று, பச்சைத் தண்ணீரும் ஒன்று. பழைய பென்சிலினுக்குத்தான் அடங்கும். அங்கேயும் அவனுக்கு மார்க் போனது.

முதல் ஆள் சொன்ன அந்த மருந்தின் பெயர் அவளுக்குத் தெரியும். கிருமி இன்னதென்று தெரிவதற்குள் பத்து நாள் அதைத்தான் அவள் கையில் ஏற்றினார்கள். வால்வு கிழிந்தது அந்தப் பத்து நாளில்தான். அதற்காக யாரும் வார்டுக்கு மார்க் குறைக்கவில்லை.

இவன் சரியாகச் சொன்னான். பென்சிலின். நான்கு மணி நேரத்துக்கு ஒரு ஊசி. ஆறு வாரம்.

மருந்து மட்டும் போதுமா?

போதாது. வால்வு போய்விட்டது. ஆப்பரேஷன் செய்ய வேண்டும்.

எப்போது?

இமீடியட்.

தள்ளிப் போட்டால்?

அவன் ஒரு கணம் அவளைப் பார்த்தான். பிறகு, டெத் என்றான்.

பேராசிரியருக்குத் திருப்தி. முழு மார்க்.

இமீடியட் என்ற சொல்லை அவள் திங்கட்கிழமையே கேட்டிருந்தாள். மேல்மாடி ஆப்பரேஷன் வார்டில் கட்டில் தயார், இமீடியட்டாக வரச் சொல்கிறார்கள், சாமான்களைக் கட்டுங்கள் என்று நர்ஸ் வந்து சொன்னாள். கட்டினாள். பிறகு பேராசிரியர் வந்து வெள்ளிக்கிழமை போகலாம் என்றார். மேலே கட்டில் காலியாகவில்லை போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள்.

இன்று புதன். பை கட்டியபடியே கட்டிலுக்கு அடியில் இருந்தது.

எழுந்து போகப் போன பேராசிரியரின் கோட்டை எட்டிப் பிடித்தாள்.

"அய்யா, ஒடனே செய்யணும்னு இந்தத் தம்பி சொன்னது பரீட்சைக்கு மட்டுமா, எனக்குமா?"

அந்தத் தம்பி ஸ்டெதஸ்கோப்பைச் சுருட்டிப் பையில் போட்டுக்கொண்டான். முழு மார்க் வாங்கியவன், வாயைத் திறந்து அதைக் கெடுத்துக்கொள்வானா? வெளியூர்க்காரர் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார்.

பேராசிரியர் கோபப்படவில்லை. அவர் கோபப்படுகிற ஆளே இல்லை. அவள் தோளில் கை வைத்து அன்பாகத்தான் சொன்னார்.

"உன்ன மாதிரி நல்ல கேஸ் கெடைக்காதும்மா. நாளைக்கு இன்னும் மூணு பேர் இருக்காங்க. முடிஞ்சதும் வெள்ளிக்கிழமை காலையில மேல அனுப்பிடறேன். சரிதானே?"

மாட்டேன் என்று சொல்ல வாயைத் திறந்தாள்.

மூச்சு வாங்கியது. சொல் வரவில்லை.

தலை ஆடியது.

அந்தத் தலை ஏன் ஆடுகிறது என்று காலையிலிருந்து மூன்று பேரைக் கேட்டு மார்க் போட்டவர் அவர்தான்.

"ரொம்ப சந்தோஷம்மா" என்றார்.

வெளியே அடுத்த ஆளின் நம்பரைக் கூப்பிட்டார்கள்.