வெட்டக் கொடுத்த காட்சி

“மனசுல பட்டதைச் சொல்றேன், தோழர்களே. இந்தக் கோட்டுக் காட்சி சுத்தக் குப்பை” என்றாள் சியாலா.

சொல்லும்போதே அவளுக்கு நா கூசியது. படத்தை எழுதி எடுத்த எலிசோ பக்கத்து நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தாள். அவளைக் கையைப் பிடித்து ஸ்டூடியோவுக்குள் கூட்டி வந்ததே சியாலாதான். இன்று நாலு பேர் நடுவில் அவளையே கிழித்துக்கொண்டிருந்தாள்.

வேறு வழியில்லை. சோவியத் காலத்துத் திபிலீசியில் அந்த ஸ்டூடியோவின் கலைச்சபை ஒப்புக்கொள்ளாத படம் அலமாரிக்குப் போகும், போனால் திரும்பாது. எலிசோவின் படத்திலோ திராட்சைப் பண்ணை அதிகாரி லஞ்சம் வாங்குகிறார், கட்சிச் செயலாளர் குடித்துவிட்டு மேடையிலேயே குறட்டை விடுகிறார். சபைத் தலைவர் கார்லோ ஏற்கெனவே கடுகடுவென்றிருந்தார்.

இதற்கு ஸ்டூடியோவில் எல்லோருக்கும் தெரிந்த வித்தை ஒன்று உண்டு. கதைக்குச் சம்பந்தமில்லாத காட்சி ஒன்றைத் திணித்து வைப்பார்கள். சபை அதைப் பிடித்துக்கொண்டு வெட்டும், வெட்டிய திருப்தியில் மற்றதை விட்டுவிடும். கதாசிரியையாக நுழைந்த சியாலா, படம் தயாரிக்கும் பிரிவுக்கே தலைவியாக உயர்ந்தது இந்த வித்தையால்தான். நினைத்தால் அவளுக்கே வெட்கமாக இருக்கும். ஆனாலும் படங்கள் பிழைத்தன.

எலிசோ திணித்தது எது என்று கண்டுபிடிக்கப் பெரிய மூளை தேவைப்படவில்லை. படத்தின் நடுவே மூன்று நிமிடம், ஒரு பெண் ரயிலடியில் நின்று ஓர் ஆணின் கோட்டைக் கையில் வைத்துத் தூசி தட்டுகிறாள். ரயில் வருகிறது, போகிறது. அவள் தட்டிக்கொண்டே இருக்கிறாள். அவ்வளவுதான்.

“யாரு அந்தம்மா? எதுக்கு அப்படி நிக்கிறாங்க?” என்றார் கார்லோ.

“பைத்தியமா இருக்கும், கார்லோ ஐயா” என்றாள் சியாலா. “இல்லேன்னா சலவைக் கடையில வேலை கேட்டு வந்திருப்பா.”

சபையே சிரித்தது. கார்லோவும் சிரித்துவிட்டார். சியாலாவுக்குக் காது மடல் சுட்டது, எலிசோ பக்கம் திரும்பவே கூச்சமாக இருந்தது.

எலிசோ எழுந்தாள். “கோட்டை மட்டும் விட்டுடுங்க, ஐயா. வேற எதை வேணும்னாலும் வெட்டிக்கிறேன்.”

கெட்டிக்காரி, என்ன நடிப்பு என்று நினைத்தாள் சியாலா. இவள் பிடிவாதம் பிடித்தால்தானே சபைக்கு வெட்டுகிற ஆசை வரும்!

“கேட்டீங்களா? இவளுக்குக் கோட்டுதான் முக்கியமாம்” என்று எடுத்துக் கொடுத்தாள்.

“கோட்டுக் காட்சி வேணாம். நெகடிவையும் சேர்த்து அழிச்சிடுங்க” என்றார் கார்லோ. “மீதிப் படம் மாஸ்கோவுக்குப் போகட்டும்.”

எல்லோரும் கலைந்ததும் தாழ்வாரத்தில் எலிசோவின் கையைப் பிடித்துக்கொண்டாள் சியாலா. “என்னை மன்னிச்சிடுடி. வாய்க்கு வந்தபடி பேசிட்டேன், எனக்கே அருவருப்பா இருக்கு. ஆனா உன் படம் பிழைச்சிடுச்சு. வா, ஒயின் குடிக்கலாம்.”

எலிசோ கையை மெல்ல விடுவித்துக்கொண்டாள். அவள் குரலில் கோபமே இல்லை. அதுதான் சியாலாவைப் பயமுறுத்தியது.

“எங்கப்பாவைப் போலீஸ் பிடிச்சிட்டுப் போன நாள்லேருந்து எங்கம்மா அப்படித்தான் ரயிலடியில நின்னாங்க, அக்கா. மீதிப் படம் பூராவும்தான் நான் வெட்டக் கொடுத்தது.”