காலி நாற்காலிக்கு எதிரே

போட்டி நடுவர் லூர்துசாமி சார் உறையைக் கிழித்தார்.

உள்ளே இருந்த சீட்டில் உத்திராபதி அண்ணனின் கையெழுத்து. நேற்று சாயங்காலம் ஆட்டம் பாதியில் நின்றபோது, இன்றைய முதல் நகர்த்தலை அவர்தான் யாருக்கும் காட்டாமல் எழுதி, உறையில் போட்டு ஒட்டிக் கொடுத்திருந்தார். செஸ் போட்டியில் அதுதான் வழக்கம்.

சார் சீட்டை வாசித்துவிட்டு, அண்ணனின் குதிரையை எடுத்துப் பின்னால் வைத்தார்.

பின்னால்! எவ்வளவு மண்டையை உடைத்துக்கொண்டும் எனக்கு அது தோன்றவே இல்லை. அவர் ஒழுங்காக ஆடினால் இன்னும் பத்து நகர்த்தலில் என் கதை முடிந்துவிடும். நேற்று இரண்டு பேரும் ஒரே ரயிலில்தான் சிதம்பரம் திரும்பினோம். நின்ற ஆட்டத்தைப் பற்றி ஆடுகிறவர்கள் பேசிக்கொள்ளக் கூடாது. கொள்ளிடத்தில் தண்ணீர் வந்தது, கிள்ளையில் இறால் விலை இறங்கியது, எல்லாம் பேசினார் மனுஷன். குதிரையைப் பற்றி மூச்சு விடவில்லை.

நான் ஏதோ ஒரு சிப்பாயை ஒரு கட்டம் தள்ளிவிட்டு, கடிகாரத்தின் பொத்தானை அழுத்தினேன். என் பக்கம் நின்றது. அவர் பக்கம் ஓடத் தொடங்கியது.

எதிரே நாற்காலி காலி.

கடலூர் திருப்பாப்புலியூரில் ஒரு ஜவுளிக்கடை மாடி அது. அறுபத்தாறாம் வருஷத்து மாவட்டப் போட்டியின் கடைசி ஆட்டம். உத்திராபதி அண்ணன் தாலுகா ஆபீஸ் கிளார்க், ஐந்து வருஷமாக அவர்தான் சாம்பியன். நான் ஜமாலுதீன், பாத்திரக்கடையில் நிற்கிறவன். அவர் என்னைவிட அரைப் புள்ளி முன்னால் இருந்தார். நான் ஜெயித்தே ஆகவேண்டும். ஜெயித்தால் சென்னையில் மாநிலப் போட்டி. இல்லாவிட்டால் அடுத்த மாதம் பினாங்குக் கப்பல். மாமா கடையில் வெங்காயம் நிறுக்க ஆள் வேண்டுமாம். அத்தா பாஸ்போர்ட்கூட எடுத்து வைத்துவிட்டார்.

விதியை லூர்துசாமி சார் முதல் நாளே வாசித்திருந்தார். ஆள் வரமுடியவில்லை என்று தகவல் வந்தால் ஆட்டம் அப்படியே நிற்கும், இருக்கிற புள்ளியை வைத்து முடிவு. தகவலே இல்லாமல் ஒரு மணி நேரம் போனால், வராதவர் தோற்றவர்.

"ரெண்டு பேரும் ஒண்ணாத்தான வருவீங்க? அவுரு எங்க?" என்றார் சார்.

இன்று ரயிலை விட்டுவிட்டேன், பஸ்ஸில் வந்தேன் என்றேன். பொய்யில்லை.

"வர முடியாதுன்னு எதாச்சும் சொல்லி உட்டாரா?"

அவர் ஒன்றும் சொல்லி அனுப்பவில்லை என்றேன். அதுவும் பொய்யில்லை.

டீக்கடை அய்யனார் வழக்கம்போல அண்ணனுக்குச் சர்க்கரை இல்லாத காப்பியைக் கொண்டுவந்து, காலி நாற்காலிக்கு முன்னால் வைத்துவிட்டுப் போனார். நான் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். மெல்ல ஆடை படிந்தது.

சுற்றி நின்றவர்கள் வாசலைப் பார்த்தார்கள். சாம்பியன் வேண்டுமென்றே தாமதிக்கிறார், பையனைப் பயமுறுத்திப் பார்க்கிறார் என்று ஒருத்தர் சிரித்தார். என் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. கீழே ஒரு சைக்கிள் வந்து நின்றபோது எனக்கு உயிர் போய் வந்தது. தபால்காரர் கடைக்குக் கடிதம் போட்டுவிட்டுப் போனார்.

அரை மணி. முக்கால் மணி. இன்னும் வாயைத் திறக்கலாம் என்று ஒவ்வொரு நிமிஷமும் நினைத்தேன். அடுத்த நிமிஷம் என்று நினைத்தேன். டிக் டிக்கென்று அவர் கடிகாரம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

ஒரு மணி நேரம் முடிந்தது. லூர்துசாமி சார் கடிகாரத்தை நிறுத்தி, என் கையைப் பிடித்துக் குலுக்கினார். கை ஏன் இப்படிச் சில்லிட்டிருக்கிறது என்று கேட்டார்.

மூன்று மணிக்குக் கீழே கடைக்குப் போன் வந்தது, தாலுகா ஆபீஸிலிருந்து. உத்திராபதி விடிகாலை நாலு மணிக்கு நெஞ்சு வலியில் போய்விட்டார். அதற்குள் கோப்பை என் மடியில் இருந்தது. நான் அழுதேன், நிஜமாகவே அழுதேன். உங்களுக்கு எப்படித் தெரியும் தம்பி, நீங்க என்ன செய்வீங்க என்று எல்லாரும் என்னைத்தான் தேற்றினார்கள்.

பினாங்குக்குப் போகவில்லை. சென்னைக்குப் போனேன். மூன்று தடவை மாநில அணியில் ஆடினேன், ஒரு தடவை கோப்பையும் வாங்கினேன், பேப்பரில் படம் வந்தது. ஆட்டத்தின் நடுவில் எதிராளி தண்ணீர் குடிக்க எழுந்தால் நானும் எழுந்துவிடுவேன். அந்த நாற்காலியை என்னால் பார்க்க முடியாது. ஜமாலுதீன் ஒரு இடத்தில் உட்காரமாட்டார், அது அவர் ஸ்டைல் என்று எழுதினார்கள்.

அன்றைக்குக் காலை ஆறு மணிக்கு, தினமும் போல, ரயிலுக்குக் கூப்பிட அண்ணன் வீட்டுக்குப் போயிருந்தேன்.

கூடத்தில் கிடத்தியிருந்தார்கள். தலைமாட்டில் விளக்கு எரிந்தது. ரயில் போகிறவரை அவர் கால்மாட்டில் நின்றேன்.

சௌந்தரம் அண்ணி அழுது வீங்கிய முகத்தோடு என்னிடம் வந்தார்.

"கடலூர்ல எல்லாரும் காத்துக்கிட்டு இருப்பாங்க தம்பி. நீங்களே போயி சொல்லிடுங்க."

சொல்லிடுறேன் அண்ணி என்றேன்.