நுரை போகாத கசப்பிலை

"துப்பாதீங்கம்மா, மருந்தே அந்தக் கசப்புலதான் இருக்கு!" என்று ஒகேச்சி கத்துகிறாள். "நான் மருமக தேடுறேனா, கம்பவுண்டர் தேடுறேனா?" என்று அதற்கு மேல் கத்திவிட்டு, வாயிலிருந்த குழம்பை முற்றத்து மண்ணில் துப்புகிறாள் உசோமா. எங்கள் இன்சுக்கா ஊரில் மருமகளாக வரப்போகிறவள் கசப்பிலைக் குழம்பு வைத்துக் காட்டவேண்டும். நுரை அடங்கும்வரை இலையைக் கசக்கிப் பிழிவதில்தான் அவள் கைத்திறன் தெரியும். ஒகேச்சியோ பல்கலைக்கழகத்தில் அந்தச் செடியையே ஆராய்கிறவள். கழுவினால் சத்து போய்விடுமென்று பேருக்கு அலசிப் போட்டுவிட்டாள். உச்சி வெயிலில், சட்டியின் சிவந்த பனையெண்ணெய்மேல் குளத்துப் பாசிபோல் பச்சை நுரை மிதந்து, குமிழ் குமிழாக உடைகிறது. உசோமாவின் தாடையில் எச்சில் நூலாகத் தொங்குகிறது. இடுப்புத் துணியின் முனையால் நாக்கை வழித்து வழித்துத் துடைக்கிறாள். கசப்பு தொண்டைக்குள் இன்னும் இறங்குகிறது. துப்பியதைக் கொத்திய கோழி அலகை மண்ணில் தேய்த்துவிட்டு ஓடுகிறது. "பாரு, கோழிக்கே குமட்டுது!" "கோழிக்குச் சர்க்கரை வியாதி இல்லையே, உங்களுக்குத்தானே இருக்கு." மகன் ஒபியோரா, குழம்பில் தோய்த்த மரவள்ளிக் களி உருண்டையைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு, கண்ணில் நீர் கட்ட உட்கார்ந்திருக்கிறான். "டேய், முழுங்கப் போறியா, துப்பப் போறியா?" என்கிறாள் உசோமா. இரண்டு பெண்களும் அவன் வாயையே பார்க்கிறார்கள். அவன் மெல்ல உள்ளங்கையில் துப்புகிறான்.

அந்தக் கிறிஸ்துமஸுக்கே எனுகுவிலிருந்து, துளி நுரைகூட விடாமல் கழுவுகிற பெண் அவனுக்கு மனைவியாக வந்தாள். ஒகேச்சி லாகோஸ்காரன் ஒருவனைக் கட்டிக்கொண்டு போய்விட்டாள். உசோமா மட்டும், மருமகள் பிழிந்து கொட்டுகிற பச்சைத் தண்ணீரில் தினமும் ஒரு கோப்பை பிடித்து, சமையலறைக்குப் பின்னால் மூக்கைப் பொத்திக்கொண்டு குடிக்கிறாள். ஏன் முகம் இப்படிக் கோணுகிறது என்று கேட்டால், பல்வலி என்கிறாள்.